டபுள் கிளிக்குக்குப் பின்னால்

(முன்னாள் மாணவர் சந்திப்பில் பேசியதன் எழுத்து வடிவம்)



தலைப்பை என் விருப்பத்துக்கு விட்டுவிட்டார்கள். செயற்கை நுண்ணறிவு பற்றிப் பேசுவேன் என்று செயலாளர் எதிர்பார்த்திருப்பார். நான் பேசப்போவது கம்ப்யூட்டரில் விளையாட்டு திறக்காமல் போவதைப் பற்றி. சிரிக்காதீர்கள். வீட்டில் ரிடையரான அப்பாவோ, அம்மாவோ, மாமியாரோ இருந்தால் இந்த போன் கால் உங்களுக்கும் வந்திருக்கும்: "அந்தப் படத்தை அழுத்தினா வட்டம் சுத்துது, அப்புறம் ஒண்ணுமே வரலை." நாம் என்ன சொல்கிறோம்? "ஆஃப் பண்ணிட்டு ஆன் பண்ணுங்க." இஞ்சினியரிங் படித்துவிட்டு இதைத்தான் சொல்கிறோம்.

1990-ல் வந்த விண்டோஸ் 3.0-ல் சாலிட்டேர் சீட்டாட்டம் இருந்தது. சின்ன புரோகிராம். கிளிக் செய்தால் சீட்டு விழும், யாரிடமும் அனுமதி கேட்காது. 2000-க்குப் பிறகு நிலைமை மாறியது. பாப்கேப் கம்பெனியின் பிஜ்வெல்டு 2001-ல் வந்தது. கல்லை நகர்த்தி மூன்று ஒன்றாகச் சேர்க்கும் ஆட்டம். அதைத் தொடர்ந்து ஒளித்து வைத்த பொருளைத் தேடுவது, மாஜாங் ஓடு பொருத்துவது என்று நூற்றுக்கணக்கில் வந்தன. முதல் ஒரு மணி நேரம் இலவசம், பிறகு காசு என்பது பல கடைகளின் வழக்கம். இந்தக் கணக்கைப் பார்க்க வாசலில் ஒரு ஆள் தேவைப்பட்டது. அவர்தான் லாஞ்சர். தியேட்டர் வாசலில் டிக்கெட் கிழிப்பவர் மாதிரி. படம் காட்டுவது அவர் வேலை இல்லை. ஆனால் அவர் வரவில்லையென்றால் கதவு திறக்காது. வைல்ட்டேன்ஜென்ட் போன்ற லாஞ்சர்கள் ஹெச்.பி., ஏசர் லேப்டாப்புகளில் கம்பெனியிலேயே ஏற்றப்பட்டு வந்தன. 2012-ல் விண்டோஸ் 8 வந்தபோது கூடவே இருந்த பழைய சாலிட்டேரும் போய்விட்டது.

ஆக, இன்று ஒரு டபுள் கிளிக்குக்குப் பின்னால் ஒரு சங்கிலியே இருக்கிறது. ஐகான் என்பது வெறும் முகவரிச் சீட்டு. அது லாஞ்சரைக் காட்டுகிறது. லாஞ்சர் எழுந்து, தன் குறிப்பேட்டை எழுத ஒரு ஃபோல்டரைத் தேடி, ஜன்னலை வரைந்து, தூரத்தில் உள்ள சர்வரிடம் "இந்த அம்மா காசு கட்டியிருக்கிறாரா?" என்று கேட்டு, பதில் வந்த பிறகுதான் ஆட்டத்தைத் திறந்துவிடுகிறது. எந்தக் கண்ணி அறுந்தாலும் வீட்டில் பார்ப்பவருக்கு ஒரே காட்சிதான்: வட்டம் சுற்றி நின்றது. டாக்டரிடம் போய் "உடம்பு சரியில்லை" என்பது போல. எந்த இடத்தில் நிற்கிறது என்று பார்ப்பதுதான் முழு வேலையும்.

கண்ட்ரோல், ஷிப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் டாஸ்க் மேனேஜர் வரும். அதைத் திறந்து வைத்துக்கொண்டு ஐகானைக் கிளிக் செய்யுங்கள். லாஞ்சரின் பெயர் ஏற்கெனவே பட்டியலில் இருந்தால் பாதி விடை கிடைத்துவிட்டது. பெரும்பாலான லாஞ்சர்கள் ஒரு நேரத்தில் ஒரு பிரதியைத்தான் ஓட விடும். நேற்று ஓடியது உள்ளே மாட்டிக்கொண்டு கிடக்கிறது. இன்று வந்தது "ஏற்கெனவே ஆள் இருக்கிறார்" என்று பார்த்துவிட்டு சத்தமில்லாமல் திரும்பிப் போகிறது. பழையதை 'எண்ட் டாஸ்க்' கொடுத்து முடித்துவிட்டுத் திறந்தால் வந்துவிடும். நான் பார்த்த கேஸ்களில் அதிகம் இதுதான்.

"தினமும் ஷட் டவுன் பண்றேனே, அப்புறம் எப்படி மாட்டிக்கும்?" என்று கேட்பீர்கள். நல்ல கேள்வி. விண்டோஸ் 8 முதல் 'ஃபாஸ்ட் ஸ்டார்ட்டப்' என்று ஒன்று உண்டு. அது இயங்கினால், ஷட் டவுன் செய்யும்போது உங்கள் புரோகிராம்கள் மூடப்படும், ஆனால் சிஸ்டத்தின் உள்பகுதியும் பின்னணி சர்வீஸ்களும் அப்படியே டிஸ்கில் சேமிக்கப்பட்டு மறுநாள் அதே நிலையில் எழும். ரீஸ்டார்ட் கொடுத்தால்தான் எல்லாம் புதிதாகத் தொடங்கும். லாஞ்சரின் பின்னணி சர்வீஸ் குழம்பிக் கிடந்தால் ஷட் டவுனால் பயனில்லை. "ஆஃப் பண்ணி ஆன் பண்ணு" என்பதைவிட "ரீஸ்டார்ட் கொடு" என்பதே சரி.

ஜன்னல் வருகிறது, ஆனால் வெள்ளையாகவோ கறுப்பாகவோ நிற்கிறது என்றால் அது வேறு. இன்றைய லாஞ்சர்கள் பல உள்ளுக்குள் ஒரு பிரௌசர்தான். குரோமியம் என்ற என்ஜினை வைத்து வெப் பக்கமாக வரைந்து காட்டுகின்றன. அதன் தற்காலிக ஃபைல்களை அழிப்பதும், டிஸ்ப்ளே டிரைவரைப் புதுப்பிப்பதும் பெரும்பாலும் உதவும்.

"இன்டர்நெட் இல்லை" என்கிறது, ஆனால் வை-ஃபை ஒழுங்காக இருக்கிறது என்றால் வலது கீழ் மூலையில் தேதியைப் பாருங்கள். பழைய மெஷின்களில் மதர்போர்டில் சி.ஆர்.2032 என்ற பொத்தான் பேட்டரி தீர்ந்துபோய், தேதி பல வருடம் பின்னால் போயிருக்கும். சர்வரின் பாதுகாப்புச் சான்றிதழுக்குத் தொடக்கத் தேதியும் முடிவுத் தேதியும் உண்டு. உங்கள் கம்ப்யூட்டர் 2010-ல் வாழ்ந்தால், அந்தச் சான்றிதழ் இன்னும் பிறக்கவே இல்லை. பேட்டரி மிகக் குறைந்த விலைதான்.

லாஞ்சர் திறந்து ஆட்டம் மட்டும் வராமல் "டி3டிஎக்ஸ்9_43 டி.எல்.எல். காணோம்" என்றால், அந்த ஃபைலைக் கண்ட இடத்தில் டவுன்லோடு செய்யாதீர்கள். வைரஸ் வீடு தேடி வரும். மைக்ரோசாஃப்ட் 2010 ஜூனில் வெளியிட்ட டைரக்ட்எக்ஸ் ரன்டைமில் அது இருக்கிறது.

இனி, நான் இந்தத் தலைப்பை எடுத்ததற்கான காரணம். நம் எலக்ட்ரானிக்ஸ் லேபில் இருந்த அண்ணனை இங்கே பாதிப் பேருக்குத் தெரியும். பெயர் சொன்னால் கோபித்துக்கொள்வார். ஆஸிலோஸ்கோப் வேலை செய்யவில்லை என்று நாம் போய் நின்றால், "ஃபியூஸைப் பாத்தியா? பிளக்கைப் பாத்தியா? பாக்காம எதுக்கு வந்தே?" என்று விரட்டுவாரே, அவரேதான். ரிடையராகிவிட்டார். அண்ணிக்கு முழங்கால் வலி, வெளியே அதிகம் போவதில்லை. மதியத்தில் பொருள் தேடும் ஆட்டம்தான் பொழுதுபோக்கு. வெளிநாட்டில் இருக்கும் மகன் லீவில் வந்தபோது புது லேப்டாப் வாங்கிக் கொடுத்து, அம்மா பெயரைத் தமிழிலேயே போட்டுக் கணக்கு தொடங்கிவிட்டுப் போனான். திறந்ததும் அண்ணியின் பெயர் தமிழில் வரும். அதில் அவருக்கு ஒரு பெருமை. பேரன் பேத்தி போட்டோக்களையெல்லாம் போனிலிருந்து இதில் ஏற்றிவிட்டு, போனில் அழித்தும்விட்டார்.

ஆனால் ஆட்டம் மட்டும் திறக்கவே இல்லை. பழைய லேப்டாப்பில் ஓடிய அதே லாஞ்சர், காசு கட்டி வாங்கிய அதே ஆட்டம். மகன் போனிலேயே சொல்லிச் சொல்லி மூன்று தடவை அழித்து ஏற்றினான். தெருக்கோடி சர்வீஸ் கடையில் "ஃபார்மெட் பண்ணணும், டேட்டா போயிடும்" என்றார்கள். அண்ணன் எனக்கு போன் செய்தார். "தம்பி, ஃபியூஸைப் பாத்துட்டேன், பிளக்கையும் பாத்துட்டேன், நீ வா."

முதல் வேலையாக போட்டோக்களைப் பென் டிரைவில் எடுத்தோம். பிறகு டாஸ்க் மேனேஜர். லாஞ்சரின் பெயர் இரண்டு விநாடி வந்தது, மறைந்தது. அதாவது மாட்டிக்கொள்ளவில்லை, விழுகிறது. விண்டோஸின் ஈவன்ட் வியூவரில் பார்த்தால், ஒவ்வொரு கிளிக்குக்கும் அது செத்ததாக ஒரு வரி. லாஞ்சரின் குறிப்பேட்டைத் தேடினால் அப்படி ஒரு ஃபைலே இல்லை. முதல் வரியைக்கூட எழுதாமல் செத்திருக்கிறது. இது பெரிய தடயம்.

அடுத்து ஒரு சோதனை. இதை எல்லோரும் நினைவில் வைக்கலாம்: அதே மெஷினில் வேறொரு யூசர் கணக்கு. 'டெஸ்ட்' என்று ஆங்கில எழுத்தில் ஒன்று தொடங்கி அதிலிருந்து லாஞ்சரைத் திறந்தேன். திறந்தது! அண்ணி அடுக்களையிலிருந்து எட்டிப் பார்த்தார். மெஷின் ஒன்று, புரோகிராம் ஒன்று, இன்டர்நெட் ஒன்று. அப்படியானால் இரண்டு கணக்குக்கும் வித்தியாசம் என்ன? பெயர்தான்.

யூசர் பெயரில்தான் விண்டோஸ் அவருக்கான ஃபோல்டரை உண்டாக்குகிறது. அண்ணியின் ஃபோல்டர் பெயர் தமிழில் இருந்தது. விண்டோஸுக்கு அதில் கஷ்டம் இல்லை. 1991-ல் வந்த யூனிகோடின் முதல் பதிப்பிலேயே தமிழ் உண்டு. 1993-ல் வந்த விண்டோஸ் என்.டி. உள்ளுக்குள் யூனிகோடுதான். ஆனால் பழைய புரோகிராம்களுக்காக இன்னொரு வாசலையும் வைத்திருக்கிறார்கள். ஃபைல் திறக்கும் கட்டளையே இரண்டு உண்டு: கிரியேட்ஃபைல்-டபிள்யூ என்றால் யூனிகோடு, கிரியேட்ஃபைல்-ஏ என்றால் பழைய எழுத்து அட்டவணை. மேற்கு ஐரோப்பாவுக்கு 1252, ரஷ்யனுக்கு 1251, தாய்லாந்து மொழிக்கு 874 என்று அட்டவணைகள் உண்டு. சிஸ்டத்தின் பழைய அட்டவணையாக வைத்துக்கொள்ளத் தமிழுக்கு எண்ணே கிடையாது. இந்திக்கும் கிடையாது. விண்டோஸ் 2000-ல் தமிழ் நேரே யூனிகோடு வழியாகத்தான் நுழைந்தது.

பழைய வாசல் வழியாகப் போகும் புரோகிராமுக்குத் தமிழ் எழுத்து ஒவ்வொன்றும் கேள்விக்குறியாக மாறித் தெரியும். அண்ணியின் பெயர் வரிசையாகக் கேள்விக்குறி. விண்டோஸில் ஃபைல் பெயரில் கேள்விக்குறி வைக்கவே முடியாது. லாஞ்சர் அந்த இல்லாத ஃபோல்டருக்குப் போய் எழுதப் பார்த்து, முடியாமல், ஒரு வார்த்தை சொல்லாமல் விழுந்துவிட்டது.

கடைக்காரர் ஃபார்மெட் செய்திருந்தால் சரியாகியும் இருக்கும். புதுக் கணக்கை ஆங்கிலத்தில் தொடங்கியிருப்பார். ஆட்டம் ஓடும். போட்டோ போயிருக்கும். ஏன் ஓடியது என்று அவருக்கும் தெரிந்திருக்காது.

விண்டோஸ் 10-ல் 2018 முதல் 'உலக மொழிகளுக்கு யு.டி.எஃப்-8' என்று ஒரு தேர்வு, பீட்டா என்ற முத்திரையோடு உண்டு. அதைப் போட்டாலும் சில சமயம் சரியாகும். ஆனால் டிஸ்கி, டாம் போன்ற பழைய தமிழ் எழுத்துரு முறைகளை வைத்து ஓடும் புரோகிராம் ஏதாவது அதே மெஷினில் இருந்தால் அங்கே எழுத்து சிதறலாம். அதனால் நான் தொடவில்லை. செய்தது இதுதான்: ஆங்கில எழுத்தில் புதுக் கணக்கு. ஃபோல்டர் ஆங்கிலத்தில் உண்டாகிவிட்டது. அதற்குப் பிறகு கணக்கின் பெயரைத் தமிழுக்கு மாற்றினேன். கணக்கின் பெயரை மாற்றினால் ஃபோல்டரின் பெயர் மாறாது. வழக்கமாக எரிச்சலூட்டும் இந்தக் குணம் இங்கே கைகொடுத்தது. திரையில் அண்ணியின் பெயர் தமிழிலேயே வருகிறது, உள்ளே லாஞ்சர் ஆங்கில ஃபோல்டரைப் பார்த்துத் திருப்தியாக ஓடுகிறது. பென் டிரைவில் இருந்த போட்டோக்களைப் புதுக் கணக்கில் இறக்கிக் கொடுத்தேன்.

எல்லாக் கேஸும் இப்படி முடிவதில்லை. சர்வரையே மூடிவிட்டால் நம்மால் ஒன்றும் செய்ய முடியாது. விண்டோஸ் எக்ஸ்பி-யோடு வந்த இன்டர்நெட் செக்கர்ஸ், பேக்காமன் ஆட்டங்களின் சர்வரை மைக்ரோசாஃப்ட் 2019 ஜூலையில் நிறுத்தியது. விண்டோஸ் 7-ல் இருந்தவற்றுக்கு 2020 ஜனவரி. ஃபிளாஷ் ஆட்டங்கள் 2021 ஜனவரி 12 முதல் தடுக்கப்பட்டன. ஸ்டீம் லாஞ்சர் 2024 ஜனவரி 1-லிருந்து விண்டோஸ் 7-ஐக் கைவிட்டது. பெரியவர்கள் வீட்டில் இப்படி ஒன்று நின்றுபோனால், "ரிப்பேர் பண்றேன்" என்று இழுத்தடிக்காமல், "கடையையே மூடிட்டாங்கப்பா" என்று சொல்லிவிட்டு வேறு ஆட்டம் ஏற்றிக் கொடுப்பது நல்லது.

கம்ப்யூட்டர் சயன்ஸ் மாணவர்களுக்கு மட்டும் ஒரு வார்த்தை. 2019-ல் வந்த விண்டோஸ் 10-ன் 1903 பதிப்பு முதல், ஒரு புரோகிராம் தன் மேனிஃபெஸ்ட்டில் ஒரு வரி எழுதி "எனக்கு யு.டி.எஃப்-8 வேண்டும்" என்று கேட்டுக்கொள்ளலாம். அந்த ஒரு வரி இருந்திருந்தால், பழைய கட்டளையிலேயே அண்ணியின் தமிழ் ஃபோல்டர் திறந்திருக்கக்கூடும். அந்த லாஞ்சரை எழுதியவர்கள் தமிழில் ஒரு யூசர் இருப்பார் என்று நினைத்துப் பார்க்கவில்லை. அவர்களை நான் திட்டவில்லை. ஆனால் இந்த வருடம் நம் லேபில் எழுதப்படும் ஃபைனல் இயர் புராஜெக்டில் எத்தனை தமிழ்ப் பெயருள்ள கணக்கில் ஓடும்? தமிழ்நாட்டில் உட்கார்ந்துகொண்டு நாமே சோதிக்கவில்லை என்றால் வேறு யார் சோதிப்பார்கள்? லேப் மெஷின் ஒன்றில் தமிழ்ப் பெயரில் ஒரு கணக்கு தொடங்கி வையுங்கள். துறைத்தலைவர் அனுமதி கொடுப்பார் என்று நம்புகிறேன். முன்வரிசையில்தான் இருக்கிறார், தலையாட்டுகிறார்.

மதியம் சாப்பாட்டுக்குப் பிறகு நான்கு மணி வரை கம்ப்யூட்டர் லேபில் இருப்பேன். திறக்காத ஆட்டம் வைத்திருப்பவர்கள் லேப்டாப்போடு வரலாம். சார்ஜரையும் எடுத்து வாருங்கள். அண்ணனும் வருவதாகச் சொல்லியிருக்கிறார், ஃபியூஸைப் பார்த்துவிட்டே வாருங்கள்.