ஜாவர் என்பது அவர் பெயரல்ல

(பழைய மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரை)



"சினிமாவைப் பற்றிப் பேசு, ஆனால் பத்து நிமிஷம்தான்" என்று செயலாளர் கண்டிஷன் போட்டுவிட்டார். சிவாஜியைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் பத்து நிமிஷத்தில் முடிகிற காரியமா? அதனால் போஸ்டரில் முகம் பெரிதாக வராத ஒருவரை எடுத்துக்கொண்டேன்.

'ஜீ பூம்பா' என்றால் தெரிந்தவர்கள் கை தூக்குங்கள். பரவாயில்லையே, மாணவர்களும் தூக்குகிறீர்கள்! 1967-இல் வந்த 'பட்டணத்தில் பூதம்'. சரி, அந்தப் பூதமாக நடித்தவர் பெயர் என்ன? பார்த்தீர்களா, இப்போது முன்வரிசை வழுக்கைத் தலைகள் மட்டும்தான் முணுமுணுக்கின்றன. ஜாவர் சீதாராமன். அதிலும் ஒரு வேடிக்கை இருக்கிறது. 'ஜாவர்' என்பது அவர் ஊரும் இல்லை, குலமும் இல்லை, பட்டமும் இல்லை. அது அவர் ஏற்ற ஒரு துணைப் பாத்திரத்தின் பெயர்.

விக்டர் ஹ்யூகோவின் நாவலைச் சுத்தானந்த பாரதியார் 'ஏழை படும் பாடு' என்று தமிழில் தந்தார். கோவை பட்சிராஜா ஸ்டூடியோ அதே பெயரில் 1950-இல் படமாக எடுத்தது. கே. ராம்நாத் டைரக்‌ஷன். கதாநாயகன் வி. நாகையா. அவரை விடாமல் துரத்தும் போலீஸ் அதிகாரிதான் ஜாவர். வில்லன் என்று சொல்லிவிட முடியாது. லஞ்சம் வாங்கமாட்டான், பொய் சொல்லமாட்டான். சட்டம் ஒன்றுதான் அவனுக்குத் தெய்வம். அப்படிப்பட்டவனை ஜனங்கள் வெறுக்கவும் வேண்டும், கடைசியில் ஐயோ பாவம் என்று சொல்லவும் வேண்டும். சும்மா கண்ணை உருட்டினால் நடக்கிற வேலையா அது? சீதாராமன் செய்த விதத்தில் அந்தப் பெயரே அவர் பெயருக்கு முன்னால் வந்து உட்கார்ந்துகொண்டது. இறங்கவே இல்லை.

அதற்கு முன் 1947-இல் 'மிஸ் மாலினி' என்ற படத்தில் சின்ன வேஷம். ஆர்.கே. நாராயண் கதை எழுதிய படம். அதே படத்தில் இன்னொரு சின்ன வேஷத்தில் வந்து போன இளைஞர் ஜெமினி கணேசன்! ஒருவர் காதல் மன்னன் ஆனார். இன்னொருவர்? பதிமூன்று வருஷம் கழித்து 1960-இல், அதே ஜெமினி கதாநாயகனாக நடித்த 'களத்தூர் கண்ணம்மா'வுக்குக் கதை எழுதினார். கமல்ஹாசன் குழந்தையாக அறிமுகமானாரே, அந்தப் படம்தான். கமலைத் தெரியாதவர் இல்லை. அந்தப் பையனை அநாதை விடுதியில் கொண்டுபோய் விட்ட கதாசிரியரை யார் கேட்டார்கள்?

நான் உண்மையில் பேச வந்தது 'அந்த நாள்' பற்றி. 1954, ஏ.வி.எம். தயாரிப்பு, எஸ். பாலசந்தர் டைரக்‌ஷன். பாட்டு கிடையாது, நடனம் கிடையாது. சிவாஜி ஆரம்பத்திலேயே சுடப்பட்டுச் செத்துப்போகிறார். அந்தக் காலத்து ஜனங்களுக்கு எப்படி இருந்திருக்கும்! முதல் வெளியீட்டில் படம் சரியாகப் போகவில்லை. வசனம் யார் என்கிறீர்கள்? நம்ம ஜாவர்தான். சி.ஐ.டி. அதிகாரி சிவானந்தமாக நடித்ததும் அவரே.

இங்கேதான் கொஞ்சம் நிற்க வேண்டும். பேனா கையில் இருக்கிற நடிகர் என்ன செய்வார்? நல்ல நல்ல வசனமாகத் தனக்கு எழுதிக்கொள்வார். நான் எழுதியிருந்தால் அதைத்தான் செய்திருப்பேன், சத்தியமாக! இவரோ தனக்குக் கேள்விகளை எழுதிக்கொண்டார். கோபம், அழுகை, கர்வம், பொய் எல்லாம் மற்றவர்களுக்கு. மனைவியாக வரும் பண்டரிபாய், தம்பி, தம்பி மனைவி, பக்கத்து வீட்டுக்காரர் என்று ஒவ்வொருவரும் தங்கள் பார்வையில் கதை சொல்கிறார்கள். சிவானந்தம் கேட்டுக்கொண்டு இருக்கிறார்.

முதல் தடவை பார்த்தபோது அவரை நான் கவனிக்கவே இல்லை. கொலையாளி யார் என்பதிலேயே புத்தி போயிற்று. முடிவு தெரிந்தபின் மறுபடி பார்த்தேன். அடுத்தவர் பேசும்போது குறுக்கே விழாமல், முகத்தைச் சுளிக்காமல், நம்பினேன் என்றோ நம்பவில்லை என்றோ காட்டிக்கொள்ளாமல் இருக்கிறார் மனிதர். அந்த முகம் கொஞ்சம் இளகியிருந்தால் மர்மம் போயிருக்கும். படத்தின் முடிச்சு முழுவதும் அவர் முகத்தில்தான் இருக்கிறது. சிவாஜி படம் என்றுதான் நாம் சொல்கிறோம், சொல்லட்டும், நான் மறுக்கவில்லை. ஆனால் பாதிப் படம் இவருடையது என்பேன்.

பத்திரிகை வாசகர்களுக்கு அவர் வேறு ஆள். 'உடல் பொருள் ஆனந்தி', 'மின்னல் மழை மோகினி' என்று தொடர்கதைகள். நம் வீட்டுப் பெண்கள் இதழ் வந்ததும் பிடுங்கிக்கொண்டு ஓடிப் படித்த கதைகள். எழுதியவரும் ஜாடிக்குள்ளிருந்து வந்த பூதமும் ஒரே ஆள் என்று எத்தனை பேர் யோசித்திருப்பார்கள்?

போன வருஷம் என் பேரனுக்கு 'அந்த நாள்' போட்டுக் காட்டினேன். "தாத்தா, அந்த போலீஸ்காரர் யாரு? சும்மாவே உட்கார்ந்திருக்காரு, ஆனா எனக்கு பயமா இருக்கு" என்றான். எனக்கு இரண்டு தடவை பார்த்துப் புரிந்தது அவனுக்கு ஒரே தடவையில் புரிந்துவிட்டது.

ஹாஸ்டல் பிள்ளைகளே, உங்கள் கையிலிருக்கும் போனிலேயே பார்க்கலாம். கொலையாளி யார் என்று பக்கத்தில் இருப்பவனுக்கு மட்டும் சொல்லிவிடாதீர்கள். செயலாளர் கடிகாரத்தைக் காட்டுகிறார்.