நீரில் இறங்கிய பிறகு ஆறரை ஆண்டுகள்

(அறிவியல் ஆசிரியர்களுக்கான பணியிடைப் பயிற்சியில் ஆற்றிய உரை)



ஒன்பதாம் வகுப்பில் ஒருநாள் ஐ.என்.எஸ். விசாகப்பட்டினம் என்ற நாசகாரிப் போர்க்கப்பலைப் பற்றிக் கரும்பலகையில் எழுதிப்போட்டேன். கட்டிய இடம் மும்பை மசகான் கப்பல் கட்டும் தளம். நீளம் 163 மீட்டர். நீரில் இறக்கியது 20.04.2015. கடற்படையில் சேர்ந்தது 21.11.2021. பொது அறிவுப் போட்டிக்கு உதவும் என்பதைத் தவிர எனக்கு வேறு நோக்கம் இல்லை. ஒரு மாணவி எழுந்து, "தண்ணில இறக்கியாச்சே சார், அப்புறம் ஆறு வருஷம் என்ன பண்ணாங்க?" என்றாள். "சோதனை செய்வாங்கம்மா" என்று உட்கார வைத்துவிட்டேன். அது பாதிப் பதில்கூட இல்லை.

ஒரு கழித்தல் கணக்குப் போட்டிருந்தால் போதும். இறக்கிய அன்று அந்தக் கப்பலின் எடை ஏறத்தாழ 3,000 டன். முழுச் சுமையுடன் 7,400 டன். எரிபொருள், குடிநீர், வெடிபொருள் எல்லாம் இதில் அடக்கம் என்றாலும், மிதந்துகொண்டிருந்தபோதுதான் பாதிக்கும் மேற்பட்ட எடை ஏறியிருக்கிறது. 2018-லேயே ஒப்படைக்கத் திட்டமிட்டிருந்தார்கள், தாமதமும் சேர்ந்துகொண்டது.

இறங்குவது பெரும்பாலும் உடல் மட்டுமே. தனித்தனிப் பகுதிகளாகச் செய்து, ஒன்றோடொன்று பற்றவைத்த எஃகுக் கூடு. அடியில் ஓடும் முதுகெலும்பை நம் கரையோரப் படகுத் தச்சர்கள் 'ஏரா' என்பார்கள். இந்தக் கப்பலுக்கு அதை 2013 அக்டோபரில் வைத்தார்கள். குழாய்கள், மின்கம்பிகள், ஏவுகணைக் குழல்கள், ரேடார், சுமார் 300 பேர் தங்கும் அறைகள் என ஒவ்வொன்றும் பிறகு ஏறுகிறது. ஏற ஏறக் கப்பல் தாழ்கிறது. எவ்வளவு எடை ஏறுகிறதோ, அவ்வளவு எடையுள்ள கடல்நீரைக் கூடுதலாக ஒதுக்குகிறது. 'பாய்மங்கள்' பாடத்தில் நாம் நடத்தும் ஆர்க்கிமிடிஸ் தத்துவம்தான்.

மிதப்பது மட்டும் போதாது, நிமிர்ந்து நிற்கவும் வேண்டும். சிக்கல் இங்கேதான். ரேடார் உயரத்தில் இருந்தால்தான் தொலைவில் தெரியும். பூமி வளைந்திருப்பதால், 4 மீட்டர் உயரத்தில் நிற்பவருக்குத் தொடுவானம் சுமார் 7 கிலோமீட்டர்; 25 மீட்டர் உயரத்தில் சுமார் 18 கிலோமீட்டர். எனவே வடிவமைப்பாளர் கனமான ரேடாரைக் கோபுரத்தின் உச்சிக்கு ஏற்ற விரும்புவார். ஏற்றினால் ஈர்ப்பு மையமும் மேலே போகும். கப்பல் சாய்ந்தால் நிமிரும் திறன் குறையும். போர்க்கப்பல் வடிவமைப்பில் பாதி, இந்த இழுபறிதான் என்பேன்.

கட்டி முடித்த கப்பலின் ஈர்ப்பு மையம் எங்கே என்று எப்படி அறிவது? நான் வியந்தது இதைப் படித்தபோதுதான். அமைதியான நீரில் நிறுத்தி, எடை தெரிந்த கட்டிகளை மேல்தளத்தில் ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கம் நகர்த்துகிறார்கள். கப்பல் ஓரிரு பாகை சாய்கிறது. அதை அளக்கப் பயன்படுவது கொத்தனார் கையில் இருக்கும் அதே தூக்குக்குண்டு! நீளமான நூலில் கட்டிக் கப்பலுக்குள் தொங்கவிடுகிறார்கள். ஆட்டம் அடங்கக் குண்டை எண்ணெய் அல்லது நீர்த் தொட்டியில் அமிழ்த்துகிறார்கள். நகர்த்திய எடை, தூரம், சாய்வுக் கோணம் மூன்றும் தெரிந்தால், கப்பலின் வடிவ அளவுகளோடு சேர்த்து ஈர்ப்பு மையத்தைக் கணக்கிட்டுவிடலாம். உலகெங்கும் வணிகக் கப்பல்களுக்கும் இதே சோதனைதான்.

மறுவாரம் வகுப்பில் செய்து பார்த்தோம். வாளித் தண்ணீரில் குறுகலான பிளாஸ்டிக் டப்பா. நடுவில் ஐஸ்கிரீம் குச்சி. அதன் உச்சியில் கோணமானியைத் தலைகீழாக ஒட்டி, நூலில் ஒரு சிறு நட்டு. ஐந்து ரூபாய் நாணயத்தை நடுவிலிருந்து ஓரத்துக்கு நகர்த்தியதும் கோணமானியில் நூல் விலகியது. பிறகு குச்சியின் உச்சியில் களிமண் உருண்டை ஒன்றை வைத்தோம். அதே நாணயம், அதே தூரம், விலகல் கூடியது.

கேள்வி கேட்ட அதே மாணவி, அந்தக் களிமண்ணை எடுத்து டப்பாவின் அடியில் அப்பினாள். நூல் அசைந்ததே தெரியவில்லை. "அப்ப ரேடாரையும் கீழயே வச்சிடலாமே சார்" என்றான் பக்கத்திலிருந்த பையன். "வச்சா தூரத்துல வர்றது எப்படிடா தெரியும்?" என்று அவள்தான் பதில் சொன்னாள்.