ஆளுநரின் அருகே ஒரு தமிழர்: ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பு



அரசாங்கத்தின் உள்ளே இருந்தவர்கள் எழுதும் நாட்குறிப்புகளுக்கு எப்போதும் தனி வரவேற்பு உண்டு. மூடிய கதவுக்குப் பின்னால் என்ன நடந்தது, யார் என்ன சொன்னார், யாருக்கு யாரைப் பிடிக்காது என்பதையெல்லாம் அறிந்துகொள்ள மனிதர்களுக்கு ஆர்வம் அதிகம்.

பிரிட்டனில் ரிச்சர்ட் கிராஸ்மன் என்ற அமைச்சர், ஹெரால்ட் வில்சனின் அமைச்சரவையில் நடந்தவற்றைத் தொடர்ந்து குறித்து வைத்தார். அவர் 1974இல் மறைந்தார். மறு ஆண்டு அந்தக் குறிப்புகள் வெளிவரத் தொடங்கியபோது, அமைச்சரவை ரகசியம் கெட்டுவிடும் என்று கூறி அரசாங்கம் நீதிமன்றம் சென்றது. நீதிமன்றம் தடை விதிக்க மறுத்துவிட்டது. பிறகு டோனி பிளேரின் ஆலோசகர் அலஸ்டர் கேம்பல் 2007இல் தமது நாட்குறிப்பின் ஒரு பகுதியை நூலாக்கினார். தம் கட்சிக்குப் பாதகமாக அமையக்கூடிய சில செய்திகளை அதில் அவரே விலக்கி வைத்தார். விரிவான தொகுதிகள் 2010 முதல்தான் வரத் தொடங்கின.

இந்த இரண்டு செய்திகளிலும் ஒரே கேள்விதான் அடங்கியிருக்கிறது. அதிகாரத்தின் அருகே இருப்பவர் எழுதியதை எவ்வளவு தூரம் நம்பலாம்? அவர் எழுதியதால் யாருக்கு என்ன நன்மை?

இதற்கு விடை தேட இலண்டன் வரை போக வேண்டியதில்லை. அவர்களுக்கு இரண்டு நூற்றாண்டுகளுக்கு முன்பே, ஓர் ஐரோப்பிய ஆளுநரின் பக்கத்தில் நின்று, கண்டதையும் கேட்டதையும் தமிழில் எழுதிவைத்த ஒருவர் புதுச்சேரியில் வாழ்ந்தார். அவர்தான் ஆனந்தரங்கப் பிள்ளை.

துபாஷி என்றால் யார்?

ஆனந்தரங்கப் பிள்ளை 1709இல் சென்னையைச் சேர்ந்த பெரம்பூரில் பிறந்தார். அவருடைய தந்தை திருவேங்கடம் பிள்ளை வணிகர். உறவினர் நைனியப் பிள்ளை புதுச்சேரியில் பிரெஞ்சுக் கும்பெனியின் தலைமைத் துபாஷியாக இருந்ததால், அந்தக் குடும்பமும் அங்கே குடியேறியது.

துபாஷி என்றால் இரு மொழி அறிந்தவர் என்று பொருள். ஆனால் அந்தப் பதவி வெறும் மொழிபெயர்ப்பாளர் பதவி அன்று. கும்பெனிக்குத் துணி வாங்கித் தருவது, நெசவாளருக்கும் வணிகருக்கும் முன்பணம் கொடுத்துச் சரக்கை வரவழைப்பது, நவாபுகளிடமிருந்து வரும் பாரசீகக் கடிதங்களின் கருத்தை ஆளுநருக்கு எடுத்துரைப்பது, ஊர் மக்களின் குறைகளை மேலிடத்தில் சொல்வது, மேலிடத்து ஆணையை ஊருக்குச் சொல்வது என எல்லாமே அவர் தலையில்தான் விழும். இக்காலத்து மொழியில் சொன்னால் வணிகத் தரகர், அரசியல் ஆலோசகர், மக்கள் தொடர்பு அதிகாரி மூவரும் ஒரே ஆளாக இருப்பதைப் போன்றது.

அந்த நாற்காலி எவ்வளவு ஆபத்தானது என்பதும் பிள்ளையின் குடும்பத்துக்கு நன்றாகவே தெரியும். நைனியப் பிள்ளையை 1716இல் அப்போதைய ஆளுநர் ஏபேர் சிறையில் அடைத்தார். அவர் சிறையிலேயே மாண்டார். அவருடைய மகன் குருவப் பிள்ளை பிரான்சு வரை சென்று முறையிட்ட பிறகுதான் குடும்பத்தின் பெயர் மீண்டது. அரசரை அண்டி வாழ்பவர், குளிர் காய்பவர் நெருப்பிடம் நடந்துகொள்வதைப் போல, அதிகம் நெருங்காமலும் அதிகம் விலகாமலும் இருக்க வேண்டும் என்று திருவள்ளுவர் ‘மன்னரைச் சேர்ந்தொழுகல்' அதிகாரத்தில் அறிவுறுத்துகிறார். பிள்ளைக்கு இது ஏட்டில் படித்த பாடம் மட்டுமன்று. சொந்த வீட்டில் நடந்த கதை.

25 ஆண்டு எழுத்து

1736 செப்டம்பரில் அவர் நாட்குறிப்பு எழுதத் தொடங்கினார். அப்போது அவருக்கு வயது 27. டூமா ஆளுநராக இருந்த காலம். 1742இல் டூப்ளே ஆளுநராக வந்தார். 1746இல் தலைமைத் துபாஷியாக இருந்த கனகராய முதலியார் காலமானார். அந்த இடத்துக்குப் பலர் போட்டியிட்டார்கள். கிறிஸ்தவர் ஒருவரே அப்பதவிக்கு வர வேண்டும் என்று பாதிரிமார்கள் வற்புறுத்தினர். டூப்ளேயின் மனைவியும் பிள்ளையை விரும்பவில்லை. அவ்வளவையும் தாண்டித்தான் பிள்ளை அந்தப் பொறுப்புக்கு வந்தார்.

அவருடைய குறிப்பில் எல்லாம் இருக்கிறது. எந்தக் கப்பல் வந்தது, எது போனது, யாருக்கு எத்தனை பீரங்கிக் குண்டு மரியாதை, எந்த நவாபுக்கு என்ன வெகுமதி, சந்தையில் என்ன பேச்சு, யாருக்கு என்ன தண்டனை, சோதிடர் சொன்னது என்ன என்று பக்கம் பக்கமாக எழுதுகிறார். தமிழ் மாதத் தேதியும் ஐரோப்பியத் தேதியும் அடுத்தடுத்து வரும். அவருடைய தமிழ் புலவர் தமிழ் அன்று. அன்றைய புதுச்சேரித் தெருவில் புழங்கிய தமிழ். பிரெஞ்சு, போர்த்துகீசியம், பாரசீகம் எல்லாம் அதில் கலந்து கிடக்கின்றன. 18ஆம் நூற்றாண்டில் தமிழர்கள் எப்படிப் பேசினார்கள் என்று அறிய விரும்புவோருக்கு இதைவிட நல்ல சான்று கிடைப்பது அரிது.

வரலாற்றுப் பெரு நிகழ்ச்சிகளும் அவர் கண்முன்னே நடந்தன. 1746இல் லா பூர்தொனே சென்னைக் கோட்டையைப் பிடித்தார். பணம் பெற்றுக்கொண்டு அதை ஆங்கிலேயரிடமே திருப்பித் தர அவர் உடன்பட்டதால், அவருக்கும் டூப்ளேக்கும் பகை மூண்டது. அதே ஆண்டு அடையாற்றங்கரையில் சில நூறு பேர் கொண்ட பிரெஞ்சுப் படை, நவாபின் மகன் மாபூஸ்கானின் பெரும் படையைச் சிதறடித்தது. 1749இல் ஆம்பூர்ப் போரில் நவாபு அன்வருத்தீன் கொல்லப்பட்டார். 1750இல் செஞ்சி அருகே நாசிர் ஜங் கொல்லப்பட்டார். இவற்றையெல்லாம் கும்பெனி அதிகாரிகளும் எழுதினார்கள். ஆனால் அவர்கள் தங்கள் மேலிடத்துக்கு எழுதினார்கள். தங்கள் செயலை நியாயப்படுத்த எழுதினார்கள். ஊர்க்காரர் ஒருவரின் கண்ணால் அந்தக் காட்சிகளைக் காட்டுவது பிள்ளையின் குறிப்பு ஒன்றுதான்.

வாயால் சொல்ல முடியாதது

இந்த நாட்குறிப்பின் பெரும் பகுதி உரையாடல். ஆளுநர் கேட்கிறார், பிள்ளை பதில் சொல்கிறார். டூப்ளே மகிழ்ச்சியாக இருக்கும்போது அவருடைய வீரத்தையும் அதிர்ஷ்டத்தையும் பிள்ளை வானளாவப் புகழ்கிறார். வீட்டுக்கு வந்து எழுதும்போது வேறொரு குரல் கேட்கிறது. ஆளுநர் யார் பேச்சைக் கேட்டுக் கெடுகிறார், எந்தச் செலவு வீண், எந்த முடிவு ஊரைப் பாழாக்கும் என்று அங்கே மனம் திறக்கிறார். நேரில் சொன்ன புகழ்ச்சியும் தனிமையில் எழுதிய கசப்பும் ஒரே நோட்டில் இருக்கின்றன. ஆலோசகரின் வாழ்க்கை எப்படிப்பட்டது என்பதற்கு இதைவிட வேறு விளக்கம் வேண்டியதில்லை.

டூப்ளேயின் மனைவி ழான் பெரும்பாலும் பிள்ளையின் கோபத்துக்கு இலக்காகிறார். இதற்குக் காரணம் வெறும் சொந்தப் பகை மட்டுமன்று. ஆளுநருக்குத் தமிழ் தெரியாது. அதனால்தான் துபாஷிக்கு மதிப்பு. ஆனால் புதுச்சேரியிலேயே பிறந்து வளர்ந்த அந்த அம்மையாருக்கு உள்ளூர் மொழி தெரியும். அவரே நாட்டுத் தலைவர்களோடு தொடர்பு வைத்துக்கொண்டார். மொழியே முதலாக இருந்த தொழிலில், அதே முதலோடு இன்னொருவர் ஆளுநரின் வீட்டுக்குள்ளேயே இருந்தார். பிள்ளையின் எரிச்சலை இந்தக் கணக்கோடு சேர்த்துத்தான் படிக்க வேண்டும்.

செல்வாக்கு எந்த இடத்தில் நின்றுபோகிறது என்பதை 1748 காட்டியது. ஆங்கிலத் தளபதி பாஸ்காவென் புதுச்சேரியை முற்றுகையிட்டிருந்த நேரம். அந்த நெருக்கடியில் வேதபுரீசுவரர் கோயில் இடிக்கப்பட்டது. நீண்ட காலமாகப் பாதிரிமார்கள் கேட்டு வந்தது போர்க்காலத்தில் நிறைவேறியது. ஊர்ப் பெரியவர்கள் பதறிக்கொண்டு பிள்ளையிடம் ஓடி வந்தார்கள். ஆளுநரின் காது தம்மிடம் இருப்பதாக ஊரே நம்பிய அந்த மனிதரால் ஒன்றும் செய்ய முடியவில்லை. ஒற்றுமை இல்லாத ஊர்த் தலைவர்களையும் அவர் கடிந்துகொள்கிறார், ஆளுநர் வீட்டையும் குற்றம் சாட்டுகிறார். ஆனால் கோயில் போய்விட்டது. அவரால் செய்ய முடிந்தது ஒன்றே ஒன்று: நடந்ததை நடந்தபடி எழுதி வைத்தார். அந்தப் பக்கங்கள் இல்லாவிட்டால் அந்த நாட்களின் வேதனை யாருக்கும் தெரியாமலே போயிருக்கும்.

1743இல் ஏழை மக்களை ஏமாற்றிப் பிடித்து, அடிமைகளாகக் கப்பலேற்ற முயன்ற கும்பலைப் பற்றியும் அவர் எழுதுகிறார். கடல் கடந்து கொண்டுசெல்லப்பட்ட மக்களின் வழித்தோன்றல்கள் வாழும் நாடுகளில் இந்தப் பக்கங்களைப் படிப்பவர்களுக்கு மனம் கனக்காமல் இருக்காது.

முழுதும் நம்பலாமா?

கூடாது. பிள்ளை நடுநிலைச் சாட்சி அல்லர். அவர் பெரிய வணிகர். ‘ஆனந்தப்புரவி' என்ற சொந்தக் கப்பல் வைத்திருந்தவர். கும்பெனியின் ஏற்றம் அவருடைய ஏற்றமும்தான். போட்டியாளரைப் பற்றி எழுதும்போது அவருடைய பேனா கடுமையாகிறது. தம்மைப் பற்றிப் பிறர் புகழ்ந்ததை மறக்காமல் குறிக்கிறார். சாதி வேற்றுமையில் அவர் தம் காலத்து மனிதர்தான். தாழ்த்தப்பட்ட மக்களின் குரலை அவரிடம் தேடினால் ஏமாற்றமே மிஞ்சும்.

ஆயினும் இந்தக் குறைகள் நாட்குறிப்பின் பயனைக் குறைத்துவிடவில்லை. அவருக்கு யார் மேல் பகை, எதில் ஆதாயம் என்பது எழுத்திலேயே தெரிவதால், எங்கே கழித்துப் படிக்க வேண்டும் என்பதும் வாசகருக்குத் தெரிந்துவிடுகிறது. பிரெஞ்சு ஆவணங்களோடும் ஆங்கில ஆவணங்களோடும் ஒப்பிட்டு, வரலாற்றாசிரியர்கள் இன்றும் இதைப் பயன்படுத்துகிறார்கள்.

இன்னொன்றையும் எண்ணிப் பார்க்கலாம். பிள்ளை புலவர்களை ஆதரித்த வள்ளல். அவரைப் பாட்டுடைத் தலைவராக வைத்துத் தமிழில் ‘ஆனந்தரங்கன் கோவை', வடமொழியில் ‘ஆனந்தரங்க விஜய சம்பு' என்ற நூல்கள் எழுந்தன. புகழ் நிலைக்கப் பாடப்பட்ட அந்த நூல்களை இன்று புலவர்கள் சிலரே அறிவர். புகழ் கருதாமல் நாள்தோறும் கிறுக்கிய குறிப்புதான் அவருடைய பெயரை உலகம் முழுதும் கொண்டுசென்றது.

பதவி போன பிறகும்

1754இல் டூப்ளே திரும்ப அழைக்கப்பட்டார். இந்தியாவில் பிரெஞ்சுப் பேரரசு காண நினைத்த அவர், 1763இல் பாரிஸில் கடன்பட்டு வறுமையில் மாண்டார். பிள்ளையின் பதவியும் 1756இல் பறிபோனது. உடல் நலமும் குன்றியிருந்தது. சாதாரணமாக ஒருவர் பேனாவை மூடி வைத்திருக்கக்கூடிய காலம் அது. அவரோ தொடர்ந்து எழுதினார். 1758இல் லாலி வந்ததையும், அதன் பிறகு ஊர் பட்ட பாட்டையும், பணத்துக்காக மக்கள் நெருக்கப்பட்டதையும் பதிவு செய்தார். 1761 ஜனவரியில் புதுச்சேரி ஆங்கிலேயரிடம் சரணடைந்தது. அந்த நாட்களிலேயே பிள்ளையின் உயிரும் பிரிந்தது.

பதவியில் இருந்தபோது எழுதியதைவிட, பதவி இழந்த பிறகும் எழுதியதுதான் அவருடைய பெருமை. கேட்பதற்கு ஆள் இல்லாதபோதும், நடந்ததற்குக் கணக்கு இருக்க வேண்டும் என்று அவர் நினைத்திருக்கிறார்.

காப்பாற்றியவர்கள்

அந்த நோட்டுகள் 85 ஆண்டுகள் அவருடைய வழித்தோன்றல்களின் வீட்டிலேயே கிடந்தன. 1846இல் கலுவா மொம்பிரேன் என்ற பிரெஞ்சுக்காரர் அவற்றைக் கண்டெடுத்துப் படியெடுத்தார். இடையில் சில பகுதிகள் தொலைந்துபோயின. சென்னை அரசாங்கம் 1904 முதல் 1928 வரை 12 தொகுதிகளாக ஆங்கில மொழிபெயர்ப்பை வெளியிட்டது. தமிழில் எழுதப்பட்ட நூல், தமிழில் அச்சாகும் முன்பே ஆங்கிலத்தில் முழுமை பெற்றது. தமிழ் மூலம் 1948இல்தான் புதுச்சேரியில் அச்சேறத் தொடங்கியது. எழுத்தாளர் பிரபஞ்சன் இந்தக் குறிப்புகளை அடித்தளமாகக் கொண்டு ‘மானுடம் வெல்லும்', ‘வானம் வசப்படும்' என்ற நாவல்களை எழுதினார். ‘வானம் வசப்படும்' 1995இல் சாகித்திய அகாடமி விருது பெற்றது.

பிள்ளையின் கதை சொல்லும் பாடம் எளியது. வரலாறு ஆள்பவரின் கடிதத்தில் மட்டும் இருப்பதில்லை. அருகே நின்றவரின் நோட்டிலும் இருக்கிறது. ஆனால் அந்த நோட்டு எழுதப்பட வேண்டும். எழுதிய பின் அது காப்பாற்றப்படவும் வேண்டும்.

மலாயாவிலும் சிங்கப்பூரிலும் தோட்டத்துக் கிராணிகளும் கங்காணிகளும், துறைமுகக் கணக்கர்களும், சங்கச் செயலாளர்களும் இப்படி அருகே நின்றவர்கள்தாம். துரைமார் என்ன சொன்னார்கள், தொழிலாளர் என்ன கேட்டார்கள் என்பது அவர்களுக்குத் தெரியும். அவர்களுடைய கணக்குப் புத்தகமும், கடிதமும், கூட்டக் குறிப்பும் இன்னும் சில வீடுகளில் டிரங்குப் பெட்டிகளில் இருக்கக்கூடும். வீடு மாறும்போது குப்பை என்று எறியப்படுவது முதலில் அவைதாம். எறிவதற்கு முன் ஒருமுறை திறந்து பார்ப்பது நல்லது. அதில் ஓர் ஊரின் கதை இருக்கலாம்.