கூட்டுறவுத் தேர்தலும் நீதிமன்றக் காவலும்

(நம் சங்கத்தின் ஆண்டுக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



நம்மவருட் பெரும்பாலோர் தறியை நம்பி வாழ்பவர். நூல் பெறுவதும், நெய்த துணியை ஒப்படைப்பதும், கூலி வாங்குவதும் அவர்கட்குக் கூட்டுறவுச் சங்கத்தின் வாயிலாகவே நிகழ்கின்றன. ஆதலின் அச்சங்கத்தின் நிர்வாகக் குழுவில் யாவர் அமர்கின்றனர் என்பது நம் அடுப்பங்கரையைத் தொடும் செய்தியாகும். அத்தேர்தல் கோணலின்றி நிகழ நீதிமன்றம் எவ்வளவு துணையாகும் என்பதையே யாம் இன்று சொல்லப் புகுந்தோம்.

1904-ஆம் ஆண்டில் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் பிறந்தது. கடுவட்டிக்காரர் கையினின்று எளியோரை மீட்பதே அதன் நோக்கம். பங்குத் தொகை மிகுதியாயினும் குறைவாயினும் ஓர் அங்கத்தினர்க்கு ஒரு வாக்கு என்பதே இவ்வியக்கத்தின் உயிர்நிலை. அவ்வொரு வாக்கைப் பறிப்பவன் எளியவனின் முதலையே பறிப்பவனாவான்.

பறிக்கும் வழிகளோ பல. உயிரோடிருப்பவர் பெயர் பட்டியலினின்று மறையும். இறந்தவர் பெயர் அதிலே வாழும். வேட்புமனு காரணமின்றித் தள்ளப்படும். பின்னர்ப் போட்டியின்றித் தேர்வு என்று அறிக்கை ஒட்டப்படும்.

உத்தரமேரூர்க் கல்வெட்டுக்களை நீவிர் அறிவீர். முதற் பராந்தக சோழன் காலத்தில், 919, 921-ஆம் ஆண்டுகளில், குடவோலை முறையை வகுத்துக் கூறியவை அவை. நிலமும் கல்வியும் உடைய சிலர்க்கே அங்கு இடம் இருந்தது. அதனை நாம் போற்ற வேண்டுவதில்லை. ஆயினும் இரண்டு விதிகள் நெஞ்சிற் கொள்ளத்தக்கன. முன்பு பொறுப்பிலிருந்து கணக்குக் காட்டாதவனும் அவன் உறவினரும் குடத்தில் பெயரிடப்பெறார். குடத்தினின்று எடுத்த ஓலையை நடுவன் தன் ஐந்து விரலையும் விரித்து, யாவரும் காண வாங்கிப் படித்தல் வேண்டும். கை நேர்மையாக இருந்தாற் போதாது. நேர்மை கண்ணுக்குத் தெரியவும் வேண்டும் என்பதே அதன் கருத்து.

இக்காலத்தில் அந்நடுவன் யார்? 2011-ஆம் ஆண்டின் 97-ஆவது அரசியலமைப்புத் திருத்தம் கூட்டுறவுச் சங்கம் அமைத்தலை அடிப்படை உரிமையாக்கியது. தேர்தல் நடத்தத் தனி அமைப்பு வேண்டும் என்றும் விதித்தது. எனினும் மாநிலங்களிற் பாதியின் ஒப்புதல் பெறாமையால், மாநிலச் சங்கங்களைப் பற்றிய அதன் பகுதி செல்லாதென உச்சநீதிமன்றம் 2021-ஆம் ஆண்டு ஜூலையில் தீர்ப்பளித்தது. அடிப்படை உரிமை நின்றது; அதனைக் காக்கும் விதிகள் மாநிலச் சட்டத்தின் பொறுப்பாயின.

நீதிமன்றத்தின் துணையை மூன்று காலங்களாகப் பகுத்துக் காணலாம். தேர்தலுக்கு முன்: தேர்தலே நடத்தாமல் தனி அலுவலரைக் கொண்டு சங்கத்தை ஆளுங்கால், தேர்தல் நடத்துமாறு ஆணையிட உயர்நீதிமன்றத்தை வேண்டலாம். தேர்தலின் இடையே: நீதிமன்றம் பெரும்பாலும் கை வையாது. நாமக்கல் தொகுதியிற் சட்டமன்றத் தேர்தலுக்கு மனுச் செய்து தள்ளப்பட்ட ஒருவரின் வழக்கில், 1952-ஆம் ஆண்டிலேயே உச்சநீதிமன்றம் தேர்தல் முடிந்த பின்னரே முறையிடுக என்றது. 2001-ஆம் ஆண்டில் மகாராட்டிரப் பால் கூட்டுறவுச் சங்க வழக்கொன்றிலும் அந்நெறியையே வற்புறுத்தியது. இடையிடையே தடை விதித்தால் எத்தேர்தலும் முடிவு பெறாது அன்றோ?

தேர்தலுக்குப் பின்: இங்கேதான் முட்டுப்பாடு. தமிழ்நாட்டு 1983-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 90-ஆம் பிரிவின்படி வழக்கு முதலிற் பதிவாளரிடம் செல்கிறது. மேல்முறையீட்டிலேயே நீதிபதியின் முன் வருகிறது. பதிவாளர் அரசாங்க அலுவலர். ஆளுங் கட்சியினரே வென்றோராயின், தோற்றவன் நெஞ்சு அமைதி பெறுமா? அவர் நேர்மையாளரே ஆயினும், விரித்த கை தெரியவில்லையே! இனி, 2013-ஆம் ஆண்டிலும் 2018-ஆம் ஆண்டிலும் தேர்ந்த குழுக்களின் பதவிக்காலம் ஐந்தாண்டே. வழக்கு அவ்வளவும் நீளுமாயின் தீர்ப்பு வெற்றோலையாகும். ஆதலின் இவ்வழக்குகளை முதலிலேயே நீதிபதி ஒருவர் கேட்டு, ஆறு திங்களுக்குள் முடித்தல் வேண்டும் என்பது எம் துணிபு. இதனைத் தீர்மானமாக்கி அரசாங்கத்துக்கு அனுப்புமாறு இவ்வவையை வேண்டுகின்றோம்.

ஆயினும், நீதிபதி சான்றின்றித் தீர்ப்பளிக்க இயலாது. பட்டியல் வெளியானவுடன் உம் பெயரைச் சென்று பார்மின். பிழையிருப்பின் எழுத்தில் முறையிட்டு ஒப்புகைச் சீட்டுப் பெறுமின். மனுக் கொடுத்த நாளும் வேளையும் குறித்து வைமின். படியாத தாய்மார்க்குப் படித்தவர் துணை நின்மின். விழித்திருப்பவனுக்கே சட்டம் துணை.

இறுதியாக ஒன்று. பிறர் சங்கத்தின் கோணலைப் பேசும் நாம் நம் குலச் சங்கத்தின் தேர்தலை எவ்வாறு நடத்துகின்றோம்? கைதட்டலாற் பொறுப்பாளரைத் தேர்ந்தெடுக்கும் வழக்கம் நம்மிடம் உண்டு. வரும் முறை ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவரை நடுவராக அழைத்து, வாக்குச் சீட்டு முறையால் தேர்தல் நடத்துவோமாக. முதலில் நம் கையை விரித்துக் காட்டுவோம். பின்னரே பிறர் கையைக் காட்டச் சொல்லும் உரிமை நமக்கு உண்டாகும்.