சிதறிய சுருள்களைத் தேடிய தமிழர்

(திருப்புட்குழியில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவு)

 

ஏ.கே. செட்டியார் உருவாக்கிய 'மகாத்மா காந்தி' என்ற ஆவணப்படத்தைப் பற்றி இன்று பேச வந்திருக்கிறேன். அந்தப் படத்தில் ராட்டைப் பாட்டைப் பாடியவர் டி.கே. பட்டம்மாள். அவர் பெயரின் முதலெழுத்தாக நிற்கும் தாமல் என்ற ஊர், நம் திருப்புட்குழிக்குச் சற்று மேற்கே இருக்கிறது. ஆகவே இது நம் வட்டாரத்துக் குரலையும் ஏந்திய படம்.

செட்டியார் கோட்டையூரில் 1911இல் பிறந்தவர். ஜப்பானிலும் அமெரிக்காவிலும் புகைப்படக் கலை பயின்றார். 1937 அக்டோபர் 2, காந்தி பிறந்த நாள். நியூயார்க்கிலிருந்து அயர்லாந்துக்குக் கப்பலில் போய்க்கொண்டிருந்தபோது, காந்தியைப் பற்றிப் படம் எடுக்கும் எண்ணம் அவருக்குத் தோன்றியது. அப்போது அவருக்கு இருபத்தாறு வயதுகூட நிரம்பவில்லை.

காந்தியின் கடந்த காலத்தைப் புதிதாகப் படம்பிடிக்க முடியாது. அதை யார் யாரோ, எங்கெங்கோ எடுத்து வைத்திருந்தார்கள். செட்டியார் அவற்றைத் தேடிப் புறப்பட்டார். உலகப் போர் நெருங்கிக்கொண்டிருந்த காலத்தில் ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணம் செய்தார். முப்பது ஆண்டுகளில் நூறு பேர் அளவில் எடுத்திருந்த 50,000 அடிப் படச்சுருளைத் திரட்டினார். ஓட்டிப் பார்த்தால் ஒன்பது மணி நேரத்துக்கும் மேல் வரும். அதிலிருந்து தேர்ந்து தொகுத்தது 12,000 அடி. ஏறக்குறைய இரண்டேகால் மணி நேரம். செய்திப்படத்துக்காக எடுத்த துண்டுக் காட்சிகள் அவர் கையில் ஒரு மனிதரின் வரலாறாயின. எதை வைப்பது, எதை விடுவது, எதற்குப்பின் எது என்று முடிவுசெய்வதும் படைப்புதான். பிறர் எடுத்த காட்சிகளைத் தொகுத்த செட்டியாரை முழுமையான கலைஞர் என்றே சொல்வேன்.

1940 ஆகஸ்டு 23இல் படம் தமிழில் வெளிவந்தது. ஆங்கில அரசு பறிமுதல் செய்துவிடும் என்ற அச்சத்தால் பின்னர் திரையிலிருந்து மறைந்தது. விடுதலையின்போது டெல்லியில் மீண்டும் வெளிச்சத்துக்கு வந்தது. 1953இல் அமெரிக்காவில் ஆங்கில வடிவம் பெற்றது. இத்தனை பாடுபட்டு உருவான அந்தத் தமிழ்ப் படம் பின்னர் கிடைக்காமல் போயிற்று. ஆய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதியின் தேடலில், ஆங்கில வடிவத்தின் பிரதி சான்பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் கிடைத்தது. படம் உருவான கதையைச் செட்டியாரே எழுதிய 'அண்ணல் அடிச்சுவட்டில்' நூலும் வேங்கடாசலபதியின் பதிப்பில்தான் வெளிவந்தது.

நடராஜ முதலியார் எடுத்த மௌனப்படமான 'கீசக வதம்', முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' ஆகியவையும் இன்று நம்மிடம் இல்லை. அக்காலத்து நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பற்றும், வெக்கையில் சிதையும். நம் அலட்சியம் அதைவிட வேகமாக அழித்தது.

உங்கள் வீட்டுப் பரணில் பழைய சுருளோ, திருமண, கருடசேவை வீடியோ கேசட்டோ இருந்தால் காயலான் கடைக்குப் போடாதீர்கள். ஊரும் ஆண்டும் எழுதி ஒட்டுங்கள். வெயிலும் ஈரமும் படாமல் வையுங்கள். இயன்றதைக் கணினியில் ஏற்றி, உள்ளூர் நூலகத்துக்கு ஒரு பிரதி கொடுங்கள். நாளைக்கு ஒரு செட்டியார் தேடி வரும்போது, நம் ஊரில் அவர் வெறுங்கையோடு திரும்பக் கூடாது.