வாசிப்பார் இல்லாத கோப்புகள்



தமிழ்ப்பள்ளி அலுவலகம், கோயில் நிர்வாக அறை, சங்கக் கட்டடம் என எங்கு போனாலும் ஓர் இரும்பு அலமாரியின் அடித்தட்டில் பழைய டிஸ்கெட்டுகளும் குறுந்தட்டுகளும் கிடக்கக்கூடும். 1990-களில் தட்டச்சு செய்த ஆண்டுப் பொதுக்கூட்ட அறிக்கையும் கும்பாபிஷேக மலரும் பள்ளி ஆண்டிதழும் அவற்றில் இருக்கலாம். கணினியில் ஏற்றியாகிவிட்டது, இனிக் கரையான் அரிக்காது என்று அன்று நிம்மதி அடைந்தவர்கள் பலர். இன்று அதே கோப்பைத் திறந்தால் கட்டங்களும் புரியாத குறிகளும்தான் திரையில் தெரிகின்றன. கோப்பு அழியவில்லை. அதை வாசித்துச் சொல்லத்தான் ஆள் இல்லை.

அந்தக் காலத் தோட்டப்புறத்தில் ஊரிலிருந்து கடிதம் வந்தால், எழுத்தறிந்த ஒருவர் வாசிப்பார். மற்றவர்கள் சுற்றி அமர்ந்து கேட்பார்கள். கணினிக்குள்ளும் அப்படி ஒரு வாசிப்பாளர் உண்டு. அதற்கு 'லைப்ரரி' என்று பெயர். தமிழில் நிரல் நூலகம் எனலாம். விண்டோஸ் கணினியில் 'டிஎல்எல்' என்று முடியும் கோப்புகள் பெரும்பாலும் இந்த வகைதான். ஓர் ஆவணத்தில் எது தலைப்பு, எது பத்தி, எது படம் என்று பிரித்தறிந்து திரைக்குக் கொடுப்பது இவற்றில் சிலவற்றின் வேலை. அந்த வாசிப்பாளர் ஓய்வுபெற்றுவிட்டால் ஆவணம் ஊமையாகிவிடும்.

இதில் ஒரு சிக்கல் உண்டு. மைக்ரோசாப்ட் வோர்டின் பழைய 'டாக்' கோப்பு எப்படி அமைக்கப்பட்டுள்ளது என்ற விவரத்தை, விரும்பிய எவரும் பார்க்கும்படி அந்நிறுவனம் 2008-இல்தான் இணையத்தில் வெளியிட்டது. அதற்கு முன்பே தன்னார்வ நிரலாளர்கள் அந்தக் கோப்புகளைப் பிரித்துப் பார்த்து, பைட் பைட்டாக ஆராய்ந்து, தாங்களே வாசிப்பு நூலகங்களை எழுதினார்கள். அந்த உழைப்பின் தொடர்ச்சியாக 2014-இல் 'ஆவண விடுதலைத் திட்டம்' தொடங்கியது. வோர்ட்பெர்ஃபெக்ட், மைக்ரோசாப்ட் வொர்க்ஸ், பப்ளிஷர், பேஜ்மேக்கர் போன்ற பழைய மென்பொருள்களின் கோப்புகளை வாசிக்கும் நூலகங்களை அத்திட்டம் பராமரிக்கிறது. இலவசமாகக் கிடைக்கும் லிப்ரே ஆபீஸ் அவற்றைத்தான் பயன்படுத்துகிறது. பேஜ்மேக்கரின் கடைசிப் பதிப்பு 2001-இல் வந்தது. அதில் வடிவமைத்த மலரை வைத்திருப்பவர்களுக்கு இது நல்ல செய்தி.

அப்படியானால் பழைய வாசிப்பாளரை அப்படியே வைத்துக்கொள்ளலாமே என்று தோன்றும். அங்கேதான் ஆபத்து இருக்கிறது. கடிதத்தில் எழுதியிருப்பதை எல்லாம் நம்பி, சொன்னபடி செய்துவிடும் அப்பாவி வாசிப்பாளர் அவர். வோர்டில் கணிதச் சமன்பாடு எழுத உதவிய ஒரு சிறு நிரல் 2000-ஆம் ஆண்டில் உருவாக்கப்பட்டது. கோப்பில் வரும் எழுத்துருவின் பெயர் எவ்வளவு நீளம் என்று அது அளந்து பார்ப்பதில்லை. மிக நீளமான பெயரைக் கொடுத்தால், அதன் வழியே தீய நிரல் கணினிக்குள் நுழைந்துவிடும். 17 ஆண்டுகள் எவர் கண்ணிலும் படாமல் இருந்த இந்த ஓட்டை 2017-இல் அம்பலமாயிற்று. 2018 ஜனவரியில் மைக்ரோசாப்ட் அந்த நிரலையே நீக்கிவிட்டது.

2021-இல் நடந்தது இன்னும் அதிர்ச்சியானது. சவூதி ஆர்வலர் ஒருவரின் ஐபோனை ஆராய்ந்த டொரொன்டோ பல்கலைக்கழகத்தின் சிட்டிசன் லேப், அதில் பெகாசஸ் உளவு மென்பொருள் இருப்பதைக் கண்டது. படம் போல வேடமிட்டு வந்த பிடிஎஃப் கோப்பு அதன் வாகனம். கறுப்பு வெள்ளை ஆவணப் படங்களைச் சுருக்குவதற்கு 1990-களின் இறுதியில் வகுக்கப்பட்ட முறை ஒன்று உண்டு. அதை வாசிக்கும் பழைய நிரலில் இருந்த பிழையே நுழைவாயில் ஆனது. தொலைபேசியின் உரிமையாளர் எதையும் தொடவேண்டிய தேவைகூட இருக்கவில்லை. ஆப்பிள் 2021 செப்டம்பரில் அதை அடைத்தது.

வாசிப்பாளரை விரட்டினால் ஆவணம் ஊமை. கவனிக்காமல் வைத்திருந்தால் திருடனுக்குத் திறந்த வாசல். இந்த இரண்டுக்கும் இடையில்தான் பழைய ஆவணங்கள் மாட்டிக்கொண்டிருக்கின்றன.

தமிழ் ஆவணங்களுக்கோ இரட்டைப் பூட்டு. யுனிகோட் பரவலாவதற்கு முன், ஆங்கில எழுத்துகளுக்குரிய எண்களில் தமிழ் வடிவங்களைப் பொருத்தி எழுத்துருக்கள் செய்யப்பட்டன. ஆளுக்கொரு வரிசை. 1997-இல் சிங்கப்பூரிலும் 1999-இல் சென்னையிலும் அறிஞர்கள் கூடிப் பொது முறைக்கு வழி தேடியதற்கு அந்தக் குழப்பமே காரணம். கோப்பு திறந்தாலும் அன்றைய எழுத்துரு இல்லையேல் தமிழ் தெரியாது. யுனிகோடுக்கு மாற்றித்தரும் நிரல்கள் இருக்கின்றன. ஆனால் பல பழைய முறைகளில் 'கெ' என்பதற்கு முதலில் கொம்பும் பிறகு ககரமும் பதிவாகியிருக்கும். யுனிகோடில் ககரம்தான் முதலில். ஆகவே மாற்றியபின் தமிழ் அறிந்த ஒருவர் வரிக்கு வரி சரிபார்த்தாக வேண்டும். கொம்பு இடம் மாறினால் ஆளின் பெயரே மாறிவிடும்.

செய்யவேண்டியவை அதிகமில்லை. முதலில் மூலக் கோப்பையும் அதன் எழுத்துருவையும் மாற்றாமல் இரண்டு இடங்களில் படியெடுத்து வைக்க வேண்டும். பழைய மென்பொருள் தேவைப்பட்டால் இணையத் தொடர்பில்லாத கணினியில் மட்டும் இயக்க வேண்டும். பிறகு நாள்பட்ட பாதுகாப்புக்காக 2005-இல் வகுக்கப்பட்ட பிடிஎஃப்-ஏ வடிவில் ஒரு படியும், யுனிகோட் எழுத்தில் ஒரு படியும் சேமிக்க வேண்டும். அன்றாடம் பயன்படுத்தும் கணினியிலும் கைத்தொலைபேசியிலும் வரும் பாதுகாப்பு மேம்பாட்டை 'பிறகு' என்று தள்ளிவைக்கக் கூடாது. அந்த ஓட்டைகளை அடைப்பது அதுதான்.

இதற்கெல்லாம் முன்னே இன்னொன்றும் இருக்கிறது. அந்த மலரைத் தட்டச்சு செய்தவர், எந்த எழுத்துரு, எந்த மென்பொருள் என்று நினைவில் வைத்திருப்பவர், இன்று ஓய்வுபெற்ற ஆசிரியராகவோ முன்னாள் செயலாளராகவோ இருப்பார். அவரும் ஒரு வாசிப்பாளர்தான். இந்த வாரக் கடைசியில் அலமாரியைத் திறக்கும் இளைஞர்கள், அவரையும் பக்கத்தில் உட்கார வைத்துக்கொள்வது நல்லது. கோப்புக்கு நிரல் தேடிப் பிடிக்கலாம்; அவருடைய நினைவுக்கு மாற்று நிரல் எவரும் எழுதித் தரமுடியாது.