சமாதான மேசையின் மறுபக்கம்: வரலாற்றாசிரியர் ஆர்னோ மேயரின் நூல்கள்

(கட்சிக் கல்வி வகுப்பில் ஆற்றப்பட்ட உரையின் எழுத்து வடிவம்)



போர் ஏன் மூள்கிறது, சமாதானம் எவருக்காகச் செய்யப்படுகிறது என்னும் வினாக்களுக்குத் தூதர்களின் கடிதங்களிலும் அமைச்சர்களின் நாட்குறிப்புகளிலும் மட்டுமே விடை தேடும் மரபு ஐரோப்பிய வரலாற்றெழுத்தில் நெடுங்காலம் நிலவியது. தொழிற்சாலைக்கும் தெருவுக்கும் படைமுகாமுக்கும் அதில் இடமில்லை. இம்மரபை உடைத்தவர்களுள் ஆர்னோ மேயர் குறிப்பிடத்தக்கவர். 1926இல் லக்சம்பர்க்கில் யூதக் குடும்பமொன்றில் பிறந்த அவர், 1940இல் நாஜிப் படைகள் புகுந்தபோது குடும்பத்துடன் தப்பி அமெரிக்கா சேர்ந்தார். பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் பல்லாண்டுகள் பேராசிரியராக விளங்கி, 2023 டிசம்பரில் 97ஆம் வயதில் மறைந்தார்.

1959இல் வெளிவந்த அவரது முதல் நூல், 1917-18இன் ‘புதிய இராஜதந்திரம்’ எங்கிருந்து பிறந்தது என ஆராய்கிறது. 1917 நவம்பர் 8 அன்று சோவியத் அரசு சமாதான ஆணையைப் பிறப்பித்தது. பிரதேச இணைப்பும் போர்த்தண்டமும் இல்லாத சமாதானத்தைக் கோரியது. அம்மாதமே ஜார் அரசின் இரகசிய ஒப்பந்தங்களை அம்பலமாக்கியது. கான்ஸ்டான்டினோபிள் ஜாருக்கு, அரபு நிலங்கள் பிரிட்டனுக்கும் பிரான்சுக்கும் என எழுதப்பட்டிருந்த பங்கீட்டை உலகம் கண்டது. 1918 ஜனவரி 5 அன்று பிரிட்டிஷ் பிரதமர் லாயிட் ஜார்ஜ் தொழிற்சங்கப் பிரதிநிதிகளின் முன் போர் நோக்கங்களை விளக்கினார். மூன்று நாட்களில் வில்சனின் 14 அம்சங்கள் வந்தன. ஒளிவுமறைவற்ற உடன்படிக்கையே அவற்றுள் முதலாவது. இவை தற்செயலல்ல, லெனினுக்கும் உள்நாட்டு இடதுசாரிகளுக்கும் தரப்பட்ட மறுமொழி என மேயர் நிறுவுகிறார்.

1967இல் வெளிவந்த பெருநூல் வெர்சேல்ஸ் மாநாட்டைப் பற்றியது. தோற்ற ஜெர்மனியைத் தண்டிப்பது மட்டுமன்று, புரட்சியைத் தடுத்து நிறுத்துவதும் அம்மாநாட்டின் வேலையாயிருந்தது என்பதே அதன் மையக் கருத்து. போர்நிறுத்த ஒப்பந்தத்தின் 12ஆம் பிரிவு இதற்குச் சான்று. முன்னர் ரஷ்யாவுக்குரியனவாயிருந்த பகுதிகளிலிருந்து ஜெர்மன் படைகள் உடனே வெளியேற வேண்டியதில்லை. நேச நாடுகள் தக்க தருணமெனக் கருதும்போது வெளியேறினால் போதும். நேற்றைய எதிரி இன்றைய காவலாளியானான்! 1919 மார்ச் 21இல் மலர்ந்த ஹங்கேரி சோவியத் குடியரசு 133 நாட்களில் வீழ்த்தப்பட்டது. ருமேனியப் படைகள் புடாபெஸ்டில் நுழைந்தன. அவ்வாண்டு ஏப்ரலில் கருங்கடலில் பிரெஞ்சு மாலுமிகள் கலகம் செய்ததும் இவ்வரலாற்றின் பகுதியே.

அதே ஏப்ரலில்தான் ஜாலியன்வாலா பாக் படுகொலை நிகழ்ந்தது. பாரிசில் சுயநிர்ணயம் பேசப்பட்டது. இந்தியாவின் சார்பில் ஒப்பந்தத்தில் கையொப்பமிட்டவர்களோ பிரிட்டிஷ் அமைச்சர் மாண்டேகுவும் பிகானேர் மன்னரும்!

மேயரின் ஆய்வுமுறைக்கு எல்லையும் உண்டு. உள்நாட்டு நெருக்கடியிலிருந்து தப்பவே ஆளும் வர்க்கங்கள் 1914இல் போரை நாடின என்ற அவரது கருத்து எல்லா நாடுகளுக்கும் ஒரேயளவில் பொருந்தாது. காலனிகளுக்கான போட்டியையும் ஆயுதப் போட்டியையும் விடுத்து அப்போரை விளக்க இயலாது.

இன்னொன்றையும் மறைக்கலாகாது. 1917இல் இரகசிய ஒப்பந்தங்களைக் கிழித்தெறிந்த அரசே, 1939 ஆகஸ்டில் ஜெர்மனியுடன் இரகசிய நெறிமுறையில் கையொப்பமிட்டது. 1989 டிசம்பரில் சோவியத் மக்கள் பிரதிநிதிகள் மாநாடே அதைக் கண்டித்தது. அந்நாளின் நெருக்கடிகளை விளக்கலாம், அளவுகோலை மாற்றலாகாது.

ஓர் ஒப்பந்தத்தைப் படிக்கையில் கையொப்பமிட்டோர் எவரென்று பார்ப்பதோடு நில்லாமல், அறைக்கு வெளியே நின்ற எந்த மக்களை அவர்கள் அஞ்சினர் என்றும் கேட்க வேண்டும். இப்பயிற்சியைப் பெறவே மேயரின் நூல்களைத் தோழர்கள் பயில வேண்டும்.